ஹோட்டல் துறை: பலகை ஒருவருடையது, கட்டடம் இன்னொருவருடையது – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

சில ஆண்டுகள் ஹோட்டல் வரவேற்பு மேசையில் நின்று வேலை பார்த்திருக்கிறேன். அந்த வேலையை விட்ட பிறகும் இந்தத் துறையைப் பற்றிப் படிப்பதை விடவில்லை. தெரிந்தவர்கள் திரும்பத் திரும்பக் கேட்கும் கேள்விகளை இங்கே ஒன்றாகச் சேர்த்திருக்கிறேன். தங்கப் போகிறவர்கள், வேலைக்குச் சேர நினைப்பவர்கள், முதலீடு செய்ய யோசிப்பவர்கள் என்று மூன்று தரப்பினரும் கேட்டவை இதில் உண்டு.

கொரோனாவில் விழுந்த அடியிலிருந்து ஹோட்டல்கள் எழுந்துவிட்டனவா?

எண்ணிக்கையை மட்டும் பார்த்தால் எழுந்துவிட்டன. ஐ.நா. சுற்றுலா அமைப்பின் கணக்குப்படி 2019இல் எல்லை தாண்டி வந்த பயணிகள் சுமார் 146 கோடி. 2020இல் அது 40 கோடி அளவுக்குச் சரிந்தது. 2024இல் மறுபடியும் 140 கோடியைத் தொட்டுவிட்டது.

ஆனால் பழைய நிலை அப்படியே திரும்பவில்லை. ஒரு மணி நேரக் கூட்டத்துக்காக விமானம் ஏறி வந்து ஓர் இரவு தங்கிப் போனவர்களில் பலர் இப்போது வீடியோ அழைப்பிலேயே வேலையை முடித்துக்கொள்கிறார்கள். வார நடுவில் அவர்களை நம்பியிருந்த நகர ஹோட்டல்களுக்கு இது பெரிய இழப்பு. அதே சமயம், வேலைக்காக வந்து, கூட இரண்டு நாள் ஊர் சுற்றிவிட்டுப் போகிறவர்கள் கூடியிருக்கிறார்கள்.

கண்ணுக்குத் தெரியாத இன்னொரு காயம் கடன். கதவு மூடிக் கிடந்த காலத்தில் தாக்குப்பிடிக்க உரிமையாளர்கள் கடன் வாங்கினார்கள். 2022 முதல் பல நாடுகளில் வட்டி விகிதம் ஏறியது. அறை நிறைந்திருக்கிறதே, இவர்களுக்கு என்ன குறை என்று வெளியிலிருந்து தோன்றும். உள்ளே வருமானத்தின் ஒரு பகுதி வட்டிக்கே போய்க்கொண்டிருக்கும்.

வாசலில் பெரிய பிராண்டின் பெயர் இருந்தால், அந்த ஹோட்டல் அந்தக் கம்பெனிக்குத்தானே சொந்தம்?

பெரும்பாலும் இல்லை. இந்தத் துறையைப் புரிந்துகொள்ள முதலில் தெரிய வேண்டியது இதுதான் என்பது என் எண்ணம். அதனால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

மாரியட் கம்பெனி 1993இல் தன்னை இரண்டாகப் பிரித்துக்கொண்டது. கட்டடங்களும் கடனும் ஒரு கம்பெனிக்குப் போயின. ஹோட்டல்களை நடத்தும் வேலையும் பெயரும் மாரியட் இன்டர்நேஷனல் வசம் வந்தன. 2017இல் ஹில்டனும் தன் கட்டடங்களில் பெரும்பகுதியை பார்க் ஹோட்டல்ஸ் என்ற தனிக் கம்பெனியாகப் பிரித்துவிட்டது. ஹாலிடே இன் பிராண்டை வைத்திருக்கும் ஐஎச்ஜி குழுமத்தின் பெயரில் உலகம் முழுக்க 6,000க்கும் மேற்பட்ட ஹோட்டல்கள் இருக்கின்றன. அவற்றில் அது சொந்தமாகவோ குத்தகைக்கோ வைத்திருப்பவை இருபதைத் தாண்டாது.

ஆக, ஒரே கட்டடத்துக்குள் பல தரப்புகள் இருக்கின்றன. இடமும் கட்டடமும் ஒரு முதலீட்டாளருடையது. அன்றாடம் நடத்துவது ஒரு நிர்வாக நிறுவனம். பெயரும் முன்பதிவு மென்பொருளும், அடிக்கடி வருகிறவர்களுக்குச் சலுகை தரும் உறுப்பினர் திட்டமும் பிராண்டுடையது. அறையை விற்றுக் கொடுப்பது பெரும்பாலும் ஒரு இணையதளம். சில இடங்களில் துப்புரவு வேலையைக்கூட வெளியே ஒப்பந்தத்துக்கு விட்டிருப்பார்கள்.

பிராண்டுக்கு உரிமையாளர் கட்டும் ஃபிரான்சைஸ் கட்டணம் அறை வருமானத்தில் 5, 6 சதவீதம் என்ற அளவில் தொடங்கும். விளம்பரம், முன்பதிவு, உறுப்பினர் திட்டம் என்று ஒவ்வொன்றாகச் சேரும்போது 10 சதவீதத்தைத் தாண்டிவிடும். இது லாபத்திலிருந்து எடுக்கும் பங்கு கிடையாது, வருமானத்தின் மீதே விழுவது. நஷ்டத்தில் ஓடும் ஆண்டிலும் கட்டியாக வேண்டும். கம்பளம் பழசாகிவிட்டது, குளியலறையை மாற்று, வரவேற்புக் கூடத்தை இடித்துக் கட்டு என்று பிராண்ட் சொன்னால் அந்தச் செலவும் உரிமையாளர் தலையில்தான்.

பிராண்டுக்கு இது வசதியான ஏற்பாடு. கட்டடம் எரிந்தாலும் புயலில் போனாலும் நேரடி இழப்பு அதற்குக் குறைவு. பிராண்டும் இணையதளமும் தங்கள் பங்கை எடுத்துக்கொண்ட பிறகு மிஞ்சியதில் உரிமையாளர் லாபம் பார்க்க வேண்டும். அப்போது அவர் கை வைக்கக்கூடிய செலவு ஒன்றுதான் பெரிதாக இருக்கும்: ஆள் சம்பளம். கீழே வரும் பல பதில்கள் இங்கே வந்துதான் சேரும்.

ஒரே கம்பெனிக்கு எதற்கு முப்பது பிராண்டுகள்?

மாரியட் 2016இல் ஸ்டார்வுட் என்ற இன்னொரு ஹோட்டல் குழுமத்தை சுமார் 1,300 கோடி டாலருக்கு வாங்கிய பிறகு அதன் பிராண்டுகள் முப்பதைத் தொட்டன. தங்குகிறவருக்கு இவற்றுக்குள் வித்தியாசம் தெரிவது கடினம்தான். கணக்கு வேறு இடத்தில் இருக்கிறது. ஒரு உரிமையாளரின் ஹோட்டல் இருக்கும் பகுதியில் அதே பெயரை இன்னொருவருக்குக் கொடுக்கக் கூடாது என்று ஒப்பந்தத்தில் பல நேரம் இருக்கும். புதுப் பெயர் ஒன்றை உருவாக்கிவிட்டால் பக்கத்திலேயே இன்னொரு ஹோட்டலைச் சேர்த்துக்கொள்ளலாம். எல்லாம் ஒரே உறுப்பினர் திட்டத்துக்குள் வருவதால் வாடிக்கையாளரும் வெளியே போகமாட்டார்.

இது அமெரிக்கக் கம்பெனிகளின் ஆட்டம் மட்டும் என்று நினைக்க வேண்டாம். அறை எண்ணிக்கையில் சீனாவின் ஜின் ஜியாங் உலகின் முன்வரிசையில் நிற்கிறது. 2015இல் பிரான்சின் லூவ்ர் ஹோட்டல்ஸ், 2018இல் ரேடிசன் என்று வரிசையாக வாங்கி வளர்ந்த குழுமம் அது.

ஒரே அறைக்கு நேற்று ஒரு விலை, இன்று ஒரு விலை. ஏன்?

அறை என்பது தேக்கிவைக்க முடியாத சரக்கு. இன்றிரவு விற்காத அறையை நாளைக்குச் சேர்த்து விற்க முடியாது. விமான இருக்கையும் அப்படித்தான். 1980களில் அமெரிக்கன் ஏர்லைன்ஸ், தேவைக்கு ஏற்ப விலையை மாற்றிக்கொண்டே இருக்கும் முறையைப் பெரிய அளவில் கொண்டுவந்தது. மாரியட் போன்றவை அதைப் பார்த்து ஹோட்டலுக்குள் எடுத்துவந்தன. இப்போது மென்பொருளே பக்கத்து ஹோட்டல் விலை, விடுமுறை நாள், ஊரில் நடக்கும் மாநாடு எல்லாவற்றையும் பார்த்து ஒரு நாளில் பலமுறை விலையை மாற்றுகிறது.

உள்ளே இருப்பவர்கள் ரெவ்பார் என்ற ஒரு எண்ணைப் பார்த்தே பேசுவார்கள். விற்றது, விற்காதது என்று இருக்கும் எல்லா அறைகளுக்கும் சராசரியாக எவ்வளவு வந்தது என்பதுதான் அது. 100 அறை உள்ள ஹோட்டலில் 80 அறையை 100 டாலர் வீதம் விற்றால் ரெவ்பார் 80. அறுபதே அறையை 140 டாலர் வீதம் விற்றால் 84. இரண்டாவது வழியில் வருமானமும் கூடுகிறது, சுத்தம் செய்ய வேண்டிய அறைகளும் இருபது குறைகின்றன. கொரோனாவுக்குப் பிறகு பல ஹோட்டல்கள் அறை காலியாக இருந்தாலும் விலையை இறக்க மறுப்பதற்கு இந்தக் கணக்கும் ஒரு காரணம்.

இணையதளத்தில் பதிவு செய்தால் ஹோட்டலுக்கு எவ்வளவு போய்ச் சேரும்?

தளங்கள் எடுக்கும் கமிஷன் பொதுவாக 15 முதல் 25 சதவீதம். தனி ஹோட்டல்களுக்குக் கூடுதல், பேரம் பேசும் வலிமையுள்ள பெரிய குழுமங்களுக்குக் குறைவு. புக்கிங்.காம் 1996இல் நெதர்லாந்தில் சின்னதாகத் தொடங்கியது. எக்ஸ்பீடியா அதே ஆண்டில் மைக்ரோசாஃப்டுக்குள் பிறந்தது. இன்று இந்த இரண்டு குழுமங்கள் இல்லாமல் அறையை நிரப்ப முடியாது என்ற நிலையில் எத்தனையோ சிறிய ஹோட்டல்கள் இருக்கின்றன.

நீண்ட காலம் இந்தத் தளங்கள் இன்னொரு நிபந்தனையும் வைத்திருந்தன: எங்களிடம் காட்டும் விலையைவிடக் குறைவாக உன் சொந்தத் தளத்தில் விற்காதே. ஜெர்மனியில் போட்டி ஆணையமும் பிரான்சில் சட்டமும் 2015இலேயே இதற்குத் தடை போட்டன. 2024 செப்டம்பரில் ஐரோப்பிய நீதிமன்றம், இந்த நிபந்தனைக்குப் போட்டிச் சட்டத்திலிருந்து தானாக விலக்குக் கிடைக்காது என்று தீர்ப்பளித்தது. அதற்குச் சில மாதம் முன்பே, ஐரோப்பிய ஒன்றியத்தின் புதிய டிஜிட்டல் சந்தைச் சட்டத்தால் புக்கிங்.காம் அங்கே அதைக் கைவிட்டிருந்தது.

அதனால் என் ஆலோசனை எளிது. தளத்தில் தேடுங்கள், ஒப்பிடுங்கள். பிறகு ஹோட்டலுக்கே ஒரு போன் போட்டு நேரடியாகப் பதிவு செய்தால் என்ன தருவீர்கள் என்று கேளுங்கள். விலை குறையாவிட்டாலும் காலை உணவோ, தாமதமாக அறையைக் காலி செய்யும் சலுகையோ கிடைக்க வாய்ப்புண்டு. பிரச்சினை வந்தால் நேரடியாகப் பேசித் தீர்த்துக்கொள்ளவும் முடியும்.

பணம் கட்டும் கடைசித் திரையில் விலை திடீரென்று கூடுகிறதே?

ரிசார்ட் கட்டணம், வசதிக் கட்டணம் என்று பல பெயர்களில் சேர்ப்பார்கள். தேடல் பட்டியலில் மலிவாகத் தெரிய வேண்டும் என்பதற்காகச் செய்வது. அமெரிக்காவில் 2025 மே 12 முதல் கட்டாயக் கட்டணங்கள் எல்லாவற்றையும் சேர்த்த விலையை முதலிலேயே காட்ட வேண்டும் என்று விதி வந்துவிட்டது. ஆனால் கட்டணம் வாங்குவதை அந்த விதி தடுக்கவில்லை, மறைப்பதை மட்டுமே தடுக்கிறது.

உறுதி செய்த பதிவு கையில் இருந்தும் அறை இல்லை என்கிறார்களே?

வராமல் போகிறவர்கள் எப்போதும் சிலர் இருப்பார்கள் என்ற கணக்கில், இருப்பதைவிடக் கூடுதலாக அறைகளை விற்பார்கள். கணக்கு தப்பினால் கடைசியாக வருகிறவருக்கு அறை இருக்காது. நான் வேலை பார்த்த ஒரு இடத்தில் நள்ளிரவு தாண்டிக் கைக்குழந்தையோடு வந்த குடும்பத்தை வேறு ஹோட்டலுக்கு அனுப்ப வேண்டியிருந்தது. வண்டியும் அங்கே அறையும் ஏற்பாடு செய்து கொடுத்தோம். ஆனாலும் அந்தத் தாயின் முகம் இன்றுவரை மறக்கவில்லை. முடிவெடுத்தது மென்பொருளும் மேலாளரும். பதில் சொல்ல நின்றது நான்.

தாமதமாகப் போய்ச் சேருவீர்கள் என்றால் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள், வழியில் ஒருமுறை அழைத்து உறுதி செய்துகொள்ளுங்கள். அப்படியும் அறை இல்லையென்றால், சம தரத்தில் வேறு அறை, போய்ச் சேரும் செலவு, அன்றிரவின் வாடகை மூன்றையும் அவர்களே ஏற்கச் சொல்லிக் கேளுங்கள். இது சலுகை என்று தயங்க வேண்டாம்.

வீடுகளை வாடகைக்கு விடும் ஏர்பிஎன்பி ஹோட்டல்களை அழித்துவிடுமா?

2008இல் தொடங்கியபோது அப்படித்தான் பேசினார்கள். அழிக்கவில்லை, ஆனால் வாடிக்கையாளர்களில் ஒரு பகுதியை நிரந்தரமாகப் பிரித்து எடுத்துக்கொண்டது. குடும்பமாகப் போகிறவர்கள், இரண்டு வாரம் தங்குகிறவர்கள், சமையலறை வேண்டும் என்பவர்கள் அந்தப் பக்கம் போனார்கள். அதைப் பார்த்துப் பெரிய குழுமங்கள் சமையலறையோடு கூடிய நீண்டகாலத் தங்கல் பிராண்டுகளைப் பெருக்கத் தொடங்கின.

உண்மையான தடை நகர நிர்வாகங்களிடமிருந்து வந்தது. நியூயார்க்கில் 2023 செப்டம்பர் முதல், 30 நாளுக்குக் குறைவாக வாடகைக்கு விடுகிறவர் பதிவு செய்திருக்க வேண்டும், விருந்தினர் தங்கும்போது தானும் அதே வீட்டில் இருக்க வேண்டும். பார்சிலோனா இன்னும் ஒரு படி மேலே போய், சுற்றுலா வாடகைக்கு உரிமம் பெற்ற 10,101 வீடுகளின் உரிமத்தையும் 2028 நவம்பருக்குள் முடிவுக்குக் கொண்டுவரப்போவதாக 2024இல் அறிவித்தது. உள்ளூர்க்காரர்களுக்கு வீடு கிடைக்கவில்லை என்ற கோபத்தில் நியாயம் இருக்கிறது. அந்தக் கோபம் ஹோட்டல்களையும் விட்டுவைக்கவில்லை. ஆம்ஸ்டர்டாமில் ஒரு ஹோட்டல் மூடினால்தான் புதிதாக ஒன்று திறக்கலாம் என்று 2024இல் முடிவெடுத்துவிட்டார்கள்.

இப்போதெல்லாம் தினமும் அறையைச் சுத்தம் செய்வதில்லையே?

கொரோனா சமயத்தில், விருந்தினர் அறைக்குள் ஊழியர் நுழைவது இருவருக்கும் ஆபத்து என்று தினசரித் துப்புரவை நிறுத்தினார்கள். அப்போது அது சரி. ஆபத்து நீங்கிய பிறகும் பல இடங்களில், கேட்டால்தான் சுத்தம் செய்வோம் என்ற முறை அப்படியே தங்கிவிட்டது. சம்பளச் செலவு குறைகிறது என்பதுதான் காரணம்.

விருந்தினருக்கு இது சின்ன அசௌகரியம். துப்புரவு செய்கிறவருக்கு நிலைமை வேறு. எட்டு மணி நேரத்தில் 14, 15 அறை என்பது பல ஹோட்டல்களில் வழக்கமான அளவு. சராசரியாக அரை மணி நேரத்துக்கு ஓர் அறை. அதற்குள் மெத்தையைத் தூக்கி விரிப்பு மாற்றி, குளியலறையைத் தேய்த்து, குப்பை எடுத்து, தரை சுத்தம் செய்து முடிக்க வேண்டும். தினமும் தொட்ட அறை அந்த நேரத்துக்குள் அடங்கும். நான்கு நாள் யாரும் நுழையாத அறை அடங்காது. ஆனால் அறை எண்ணிக்கை குறையாது. வேலை நாட்களும் குறைவதால் சம்பளமும் குறைகிறது. வேலை பாரமாகி வருமானம் மெலிந்துபோன இடத்துக்கு, கொரோனாவில் வேலையிழந்து போனவர்கள் ஏன் திரும்பி வரவில்லை என்று முதலாளிகள் கேட்கும்போது எனக்கு வருத்தமாக இருக்கிறது.

முதுகு, தோள் வலி இந்த வேலையோடு ஒட்டிப் பிறந்தது. கலிஃபோர்னியாவில் 2018இல் ஹோட்டல் துப்புரவுப் பணியாளர்களின் தசை, எலும்புக் காயங்களைத் தடுப்பதற்கென்றே தனி விதி கொண்டுவர வேண்டியிருந்தது. தனியாக அறைக்குள் போகும் பெண்களுக்குப் பாலியல் தொல்லை நடக்கிறது என்பதால், ஆபத்தில் அழுத்த ஒரு அவசரப் பொத்தான் கொடுக்க வேண்டும் என்று சிகாகோ நகரம் 2017இல் சட்டம் போட்டது. 2024 செப்டம்பர் தொடக்கத்தில் அமெரிக்க நகரங்கள் பலவற்றில் சுமார் 10,000 ஹோட்டல் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள். கூலி உயர்வோடு, வெட்டப்பட்ட ஆட்களையும் தினசரித் துப்புரவையும் திரும்பக் கொண்டுவரச் சொன்னதும் அவர்கள் கோரிக்கைகளில் இருந்தது.

உங்களுக்குத் தினமும் சுத்தம் வேண்டுமென்றால் கேளுங்கள். தயக்கம் வேண்டாம். நீங்கள் கேட்பதால்தான் ஒருவருக்கு அன்றைய வேலை நாள் கிடைக்கிறது.

துண்டைத் தொங்கவிட்டால் பூமியைக் காப்பாற்றலாம் என்று அட்டை வைக்கிறார்களே, உண்மையா?

தண்ணீரும் மின்சாரமும் சோப்பும் மிச்சமாவது உண்மைதான். ஆனால் சுற்றுச்சூழல் பெயரில் செய்யும் பசப்புக்கு ஆங்கிலத்தில் வழங்கும் கிரீன்வாஷிங் என்ற சொல்லே இந்த அட்டையிலிருந்துதான் பிறந்தது என்பார்கள். ஜே வெஸ்டர்வெல்ட் என்ற சூழலியலாளர் ஃபிஜித் தீவில் ஒரு ரிசார்ட்டில், பவளப்பாறைகளைக் காக்கத் துண்டை மறுபடி பயன்படுத்துங்கள் என்ற அட்டையைப் பார்த்தார். அதே ரிசார்ட் கட்டடங்களை விரிவாக்கிக்கொண்டிருந்தது. 1986இல் எழுதிய கட்டுரையில் அந்தச் சொல்லைப் பயன்படுத்தினார்.

நான் பார்க்கும் அளவுகோல் இது: அட்டையில் சொல்லாத இடங்களில் என்ன செய்கிறார்கள்? வெந்நீரும் குளிர்சாதனமும் எப்படி இயங்குகின்றன, பஃபேயில் மிஞ்சும் உணவு எங்கே போகிறது என்று கேட்டால் பாதி உண்மை தெரிந்துவிடும். சின்ன ஷாம்பு பாட்டில்கள் மட்டும் நிஜமாகவே விடைபெற்றுக்கொண்டிருக்கின்றன. ஐஎச்ஜியும் மாரியட்டும் 2019இல் அறிவித்தன. கலிஃபோர்னியாவில் 50 அறைக்கு மேற்பட்ட ஹோட்டல்களுக்கு 2023 முதல் அது சட்டம்.

ரோபோவும் செயற்கை நுண்ணறிவும் ஊழியர்களின் வேலையைப் பறித்துவிடுமா?

ஜப்பானில் 2015இல் ஹென் நா என்ற ஹோட்டலைத் திறந்தார்கள். வரவேற்பில் டைனோசர் ரோபோ, பெட்டி தூக்க ரோபோ, அறைக்குள் பேசும் பொம்மை. அந்தப் பொம்மை குறட்டைச் சத்தத்தைக் கேள்வி என்று நினைத்து, தூங்குகிறவரை எழுப்பி, மறுபடி சொல்லுங்கள் என்றது. 2019இல் அங்கிருந்த 243 ரோபோக்களில் பாதிக்கும் மேற்பட்டவற்றை நிறுத்திவிட்டார்கள்.

போன் மூலம் கதவு திறப்பது, தானே செக்-இன் செய்துகொள்வது, கேள்விக்குப் பதில் சொல்லும் சாட்பாட் போன்றவை நிலைத்துவிட்டன. வரவேற்பு, முன்பதிவு வேலைகளில் ஆட்கள் குறைவார்கள். படுக்கை விரிக்கும் இயந்திரம்தான் இன்னும் வந்தபாடில்லை. மாறும் அறை, கலைந்த விரிப்பு, மூலையில் விழுந்த காதணி, இதையெல்லாம் கையும் கண்ணும்தான் பார்க்க வேண்டியிருக்கிறது.

நம் விவரங்கள் ஹோட்டலிடம் பத்திரமாக இருக்குமா?

பாஸ்போர்ட் எண், கார்டு எண், எந்த இரவு எங்கே இருந்தோம் என்ற விவரம், மூன்றும் சேர்ந்து கிடைக்கும் இடம் ஹோட்டல். திருடர்களுக்கு அது தெரியும். ஸ்டார்வுட்டின் முன்பதிவுத் தொகுப்புக்குள் 2014இலேயே யாரோ நுழைந்திருந்தார்கள். 2016இல் மாரியட் அந்தக் கம்பெனியை வாங்கியபோது திருடனும் சேர்ந்தே வந்தான். கண்டுபிடித்தது 2018இல். சுமார் 38 கோடி விருந்தினர் பதிவுகள் வரை பாதிக்கப்பட்டிருக்கலாம் என்று கணக்கிட்டார்கள். 2023 செப்டம்பரில் அமெரிக்காவில் சூதாட்ட ஹோட்டல்களை நடத்தும் எம்ஜிஎம் ரிசார்ட்ஸ் மீது நடந்த இணையத் தாக்குதலில் அந்த நிறுவனத்துக்குச் சுமார் 10 கோடி டாலர் இழப்பு.

கதவுப் பூட்டும் கணினிதான் இப்போது. சாஃப்லாக் வகைப் பூட்டுகளைப் போலி அட்டைகளால் திறக்க முடியும் என்று 2024 மார்ச்சில் ஆய்வாளர்கள் காட்டினார்கள். அந்த வகைப் பூட்டுகள் 131 நாடுகளில் சுமார் 30 லட்சம் கதவுகளில் இருந்தன. அறைக்குள் போனதும் உள்தாழ்ப்பாளைப் போடுங்கள், அவ்வளவுதான் நம்மால் செய்ய முடிந்தது.

பருவநிலை மாற்றம் ஹோட்டல்களை எப்படிப் பாதிக்கிறது?

கடலோரம், பனிமலை, தீவு என்று எதை நம்பி ஹோட்டல் கட்டினார்களோ அதுவே ஆபத்தாகிவருகிறது. 2023 ஜூலையில் கிரேக்கத்தின் ரோட்ஸ் தீவில் காட்டுத்தீயால் சுமார் 19,000 பேரை வெளியேற்றினார்கள், அவர்களில் பலர் விருந்தினர்கள். அதே ஆண்டு அக்டோபரில் ஓட்டிஸ் புயல் மெக்சிகோவின் அகபுல்கோவைத் தாக்கியதில் அங்கிருந்த ஹோட்டல்களில் பெரும்பாலானவை சேதமடைந்தன. இப்படிப்பட்ட இடங்களில் காப்பீட்டுப் பிரீமியம் ஏறிக்கொண்டே போகிறது. அந்த பிரீமியத்தைக் கட்டுவது யார்? கட்டட உரிமையாளர்தான்.

இவ்வளவுக்கும் நடுவில் சிறிய தனி ஹோட்டல்கள் பிழைக்குமா?

நடுத்தரத்தில் மாட்டிக்கொண்டவைதான் சிரமப்படும் என்று நினைக்கிறேன். பிராண்ட் இல்லை, தனித்தன்மையும் இல்லை, விலையும் குறைவில்லை என்றால் முன்பதிவுத் தளங்களின் தயவில்தான் வாழ வேண்டும். திரும்பத் திரும்ப வரும் விருந்தினர்களைச் சேர்த்துக்கொண்டவை நிற்கும். ஜப்பானில் நிஷியாமா ஒன்சென் கெய்யுன்கான் என்ற வெந்நீரூற்று விடுதி 705ஆம் ஆண்டு தொடங்கியது. உலகின் மிகப் பழைய ஹோட்டல் என்று கின்னஸ் பதிவில் இருக்கிறது. அதன் பலம் அந்த ஊற்றும் அங்கே கிடைக்கும் கவனிப்பும்.

இந்தத் துறையில் வேலைக்குச் சேரலாமா?

சேரலாம். உலகில் எந்த ஊருக்குப் போனாலும் கைகொடுக்கும் தொழில் இது. மனிதர்களோடு பழகப் பிடித்தவர்களுக்கு நிறைவும் தரும். ஆனால் நேர்காணலில் சம்பளத்தோடு நிறுத்திக்கொள்ளாதீர்கள். சம்பளம் தருவது பிராண்டா, உரிமையாளரா, நிர்வாக நிறுவனமா, ஒப்பந்ததாரரா என்று கேளுங்கள். பணி நேர அட்டவணை எத்தனை நாள் முன்னால் கிடைக்கும் என்று கேளுங்கள். வரவேற்பு வேலையென்றால் இரவில் மேசையில் தனியாக நிற்க வேண்டுமா என்று கேளுங்கள். துப்புரவு வேலையென்றால், ஒரு நாளைக்கு எத்தனை அறை, அதில் விருந்தினர் காலி செய்துவிட்டுப் போன அறைகளுக்குக் கூடுதல் நேரம் உண்டா என்று கேளுங்கள். முடிந்தால் ஊழியர்கள் சாப்பிடும் இடத்தை ஒருமுறை காட்டச் சொல்லுங்கள்.